மர்மத் தொடர்களும் துணைநூல்களும்



இரவுணவு முடிந்தபின் ஒரு குடும்பம் தொலைக்காட்சியின் முன் அமர்ந்து மர்மத் தொடர் ஒன்றைப் பார்க்கின்றது என வைத்துக்கொள்வோம். பாழடைந்த கோயில், நள்ளிரவிற் கேட்கும் குதிரைக் குளம்பொலி, காரணம் விளங்காத ஒரு மரணம். அங்கம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் பெரியோர் எழுந்து தத்தம் அலுவலுக்குப் போய்விடுகின்றனர். பிள்ளை மட்டும் இருந்த இடத்தை விட்டு எழவில்லை. “அப்பா, இப்பிடி உண்மையிலேயே நடக்குமோ?” என்று கேட்கின்றது. “உது படந்தானே, போய்ப் படு பிள்ளை” என்பது தந்தையின் மறுமொழி.

அம்மறுமொழி பொய்யன்று. ஆயினும் அது பிள்ளையின் கேள்விக்கு விடையுமன்று. கேள்வி பிறந்த இடத்திலேயே அதனை உறங்கச் செய்யும் தாலாட்டு என்றே அதனைச் சொல்லவேண்டும். அக்கேள்வியை உறங்கவிடாது, கையைப் பிடித்து அடுத்த படிக்கு அழைத்துச் செல்லும் நூல்வகை ஒன்று உண்டு. தொலைக்காட்சித் தொடர்களின் துணைநூல் என்று அதனைக் கூறலாம். அதிலும், மர்மத் தொடர்களுக்கும் விஞ்ஞானக் கற்பனைத் தொடர்களுக்கும் எழுந்த துணைநூல்களைப் பற்றியே இன்று உங்களோடு பேச விரும்புகின்றேன்.

துணைநூல் என்பது யாது? தொடரின் கதையையே மீண்டும் எழுதி வைப்பது துணைநூலன்று, அது கதைநூல். தொடர் எவ்வாறு ஆக்கப்பட்டது, அதில் வந்தவை யாவை, அவற்றுள் மெய் எவ்வளவு, கற்பனை எவ்வளவு என்று ஆராய்வதே துணைநூலின் பணி. பாடநூலுக்கு உரைநூல் எப்படியோ, தொடருக்குத் துணைநூல் அப்படி. மூலத்துக்கும் உரைக்கும் இடையே வளர்ந்த கல்வி மரபு எங்களுடையது. ஆறுமுக நாவலர் காலத்தில் மட்டுமன்றி, அதற்கு முன்னரும் மூலத்தை உரையோடு சேர்த்துப் படிக்கும் வழக்கம் இருந்தது. ஆகவே இந்நூல்வகை பெயரளவிற் புதியதேயன்றி, இயல்பில் நமக்குப் புதியதன்று.

மேலைநாடுகளில் இது தோன்றிய வரலாற்றைச் சுருக்கமாகக் கூறுகின்றேன். அமெரிக்காவில் 1966 ஆம் ஆண்டு தொடங்கிய விண்வெளித் தொடர் ‘ஸ்டார் ட்ரெக்’. அது ஒளிபரப்பாகிக்கொண்டிருந்த 1968 ஆம் ஆண்டிலேயே அதன் ஆக்கத்தை விளக்கும் நூலொன்று வெளிவந்தது. ஸ்டீபன் விட்பீல்ட் என்பவர், தொடரின் கருத்தாவான ஜீன் ரொடன்பெரியின் துணையோடு எழுதியது அது. இங்கிலாந்தில் 1963 ஆம் ஆண்டு தொடங்கிய ‘டொக்டர் ஹூ’ என்னும் தொடருக்கு, மால்கம் ஹல்க், டெரன்ஸ் டிக்ஸ் என்னும் இருவர் 1972 ஆம் ஆண்டு இத்தகைய நூலொன்றைச் சிறுவர்க்காக எழுதினர். 1959 முதல் 1964 வரை 156 அங்கங்களாக ஒளிபரப்பான ‘ட்வைலைட் ஸோன்’ என்னும் விந்தைத் தொடருக்கு, மார்க் ஸ்கொட் ஸிக்ரீ என்பவர் 1982 ஆம் ஆண்டு அங்கம் அங்கமாக ஆராய்ந்து ஒரு கைந்நூல் செய்தார். இவையெல்லாம் தொடர் எவ்வாறு பிறந்தது என்று சொல்லும் நூல்கள்.

பின்னர் வேறொரு வகை பிறந்தது. ‘ஸ்டார் ட்ரெக்’ கதைகளிலே மனிதர் ஓரிடத்தில் மறைந்து இன்னோரிடத்தில் தோன்றுவர். இஃது ஆகக்கூடியதா என்று பௌதிகப் பேராசிரியர் லோரன்ஸ் க்ரவுஸ் கேட்டார். 1995 ஆம் ஆண்டு அவர் எழுதிய நூல் அதற்குக் கணக்குப் போட்டுப் பார்த்தது. ஒரு மனித உடலில் உள்ள அணுக்களை எண்ணப் புகுந்தால், ஒன்றைப் போட்டு அதன்பின் ஏறத்தாழ 28 பூச்சியங்களை இடவேண்டும். அத்தனை அணுக்களும் எங்கெங்கே, எவ்வெந் நிலையில் உள்ளன என்று குறித்து வைக்க எத்தனை பெரிய ஏடு வேண்டும்! இவ்வாறு கேட்கத் தொடங்கிய வாசகன், தன்னையறியாமலே பௌதிகம் படித்துவிடுகின்றான். ‘எக்ஸ் பைல்ஸ்’ என்னும் மர்மத் தொடருக்கு விஞ்ஞான ஆலோசகராயிருந்த உயிரியல் அறிஞர் ஆன் சைமன் என்னும் அம்மையாரும் 1999 ஆம் ஆண்டு அத்தகைய நூலொன்றை எழுதினார். கதை முடிந்த இடத்தில் விஞ்ஞானம் தொடங்குகின்றது. இதுவே துணைநூலின் உயர்ந்த வகை என்பது என் எண்ணம்.

இவ்வளவும் கேட்ட நேயர்கள், “இவை எங்கோ தொலைவில் உள்ள செய்திகள், நமக்கென்ன?” எனக் கேட்கலாம். உலகெங்கும் பேசப்பட்ட இத்தகைய தொடரொன்றும் அதன் துணைநூலும் நம் இலங்கைத் தீவோடு நெருங்கிய உறவுடையவை என்பதை இனிச் சொல்கின்றேன்.

ஆதர் சி. கிளார்க் என்னும் பெயர் உங்களிற் பலருக்குத் தெரிந்திருக்கும். 1917 ஆம் ஆண்டு இங்கிலாந்திற் பிறந்து, 1956 ஆம் ஆண்டு முதல் இலங்கையையே தம் இல்லமாகக் கொண்டு, 2008 மார்ச் 19 ஆம் திகதி கொழும்பிலே காலமான எழுத்தாளர் அவர். பூமியைச் சுற்றி ஏறத்தாழ 36,000 கிலோமீற்றர் உயரத்தில் நிறுத்தப்படும் செயற்கைத் துணைக்கோள்கள் வழியாக உலகெங்கும் செய்தி பரப்பலாம் என்று 1945 ஆம் ஆண்டிலேயே கட்டுரை எழுதியவர். அக்கருத்து மெய்யான விதத்தை அவர் இங்கிருந்தே கண்டார். 1975 ஆம் ஆண்டு இந்தியா துணைக்கோள் வழியாகக் கிராமங்களுக்குத் தொலைக்காட்சிப் பாடங்களை ஒளிபரப்பியபோது, இந்திய விண்வெளி ஆய்வு நிறுவனம் கொழும்பில் அவரது இல்லத்தில் ஓர் ஏற்புக்கருவியை அமைத்துக் கொடுத்தது. இலங்கையில் தொலைக்காட்சி நிலையம் 1979 ஆம் ஆண்டிலும், ரூபவாஹினி 1982 ஆம் ஆண்டிலுமே தொடங்கின என்பதை எண்ணிப் பாருங்கள்.

தமிழ்மக்கள் நினைவில் வைக்கவேண்டிய மற்றொரு செய்தியும் உண்டு. திருகோணமலையிலே போர்த்துக்கேயர் 17 ஆம் நூற்றாண்டில் இடித்துக் கடலில் வீழ்த்திய கோணேசர் கோயிலின் சிதைவுகளை, 1956 ஆம் ஆண்டு கடலில் மூழ்கிக் கண்டோருள் கிளார்க்கும் அவர் நண்பர் மைக் வில்சனும் முக்கியமானவர்கள். ஆகவே மர்மம் என்பது அவருக்கு மேசையிலிருந்து புனைந்த பொருளன்று. நீருக்கடியிற் கைகொண்டு தொட்ட பொருள்.

இத்தகையவரை முன்னிறுத்தி, இங்கிலாந்தின் யோக்ஷயர் தொலைக்காட்சி நிறுவனம் 1980 ஆம் ஆண்டு ‘ஆதர் சி. கிளார்க்கின் மர்ம உலகம்’ என்னும் பொருள்படும் பெயரோடு 13 அங்கங்கள் கொண்ட தொடரை ஒளிபரப்பியது. கிளார்க் இலங்கையிலிருந்தபடியே நேயர்களை நோக்கிப் பேசுவார். பின்னர் படக்கருவி உலகின் நாலா திசைக்கும் செல்லும். கடலடி விலங்குகள், ஏரிப் பூதங்கள், பனிமலை மனிதன், வானத்திலிருந்து விழும் மீன்கள், சைபீரியக் காட்டைச் சாய்த்த வெடிப்பு என்று பலவும் அதிற் பேசப்பட்டன. அதே ஆண்டில் அதன் துணைநூலும் வெளிவந்தது. சைமன் வெல்ஃபெயர், ஜோன் ஃபெயர்லி என்னும் இருவர் நூலை எழுத, கிளார்க் முன்னுரையும் இடையிடையே தம் கருத்துரைகளும் தந்தார்.

அந்நூலின் சிறப்பு எதில் உள்ளது? படங்களிலன்று, திகிலிலுமன்று. மர்மங்களை மூவகையாகப் பிரித்துப் பார்க்கும் ஒழுங்கிலே உள்ளது. முதலாவது வகை, ஒரு காலத்தில் விளங்காது மக்களை மயக்கி, இன்று முற்றாக விளங்கிவிட்டவை. இயற்கை நிகழ்ச்சிகளிற் பெரும்பாலன இவ்வகையின. இரண்டாவது வகை, இன்று முற்றாக விளங்காவிடினும் நாளை விளங்கக்கூடியவை. மூன்றாவது வகை, எந்தப் பக்கத்தாற் பிடிப்பதென்றே தெரியாதவை. இப்பிரிவு பார்வைக்கு எளிது. ஆயினும் இதனைக் கற்றுக்கொண்ட ஒருவனை எளிதில் எவரும் ஏமாற்ற முடியாது. ஏனெனில் மர்மத்தை விற்போர் எல்லோரும் முதலாவது வகையை மூன்றாவது வகை என்று சொல்லியே விற்கின்றனர்.

ஒரு நல்ல துணைநூலின் மெய்ம்மதிப்பு அது வெளிவந்த ஆண்டிலே தெரிவதில்லை. காலஞ் சென்ற பின்னரே தெரியும். கிளார்க்கின் தொடர் எடுத்துக்கொண்ட பழம்பொருள்களில் இரண்டை இங்கு எடுத்துக் காட்டுகின்றேன்.

ஒன்று, பளிங்கு மண்டையோடு. மனித மண்டையோட்டின் வடிவிற் செதுக்கப்பட்ட தெளிந்த பளிங்குக்கல் அது. தொடரின் முகப்பிலேயே ஒளிவீசி நின்றது. மத்திய அமெரிக்காவின் மாயா மக்களது இடிபாடுகளில் 1924 ஆம் ஆண்டு கண்டெடுக்கப்பட்டதாக அதனை வைத்திருந்தோர் சொல்லி வந்தனர். மற்றொன்று, கிரேக்க நாட்டின் அண்டிக்கித்தெரா தீவருகே மூழ்கிய கப்பலொன்றிலிருந்து 1901 ஆம் ஆண்டு எடுக்கப்பட்ட செப்புக் கலவைத் துண்டு. கறள் பிடித்து, உடைந்து, பார்ப்பதற்கு எவ்வித அழகுமற்றது. சாதாரண நேயர் ஒருவர் எதனை நினைவில் வைத்திருப்பார்? ஐயமின்றி மண்டையோட்டையே வைத்திருப்பார்.

காலம் என்ன தீர்ப்புச் சொல்லிற்று? மண்டையோடு 1943 ஆம் ஆண்டு இலண்டனில் ஏலக் கம்பனி ஒன்றின் வழியாகக் கைமாறியது என்பதற்குச் சான்று கிடைத்தது. பின்னர் அமெரிக்காவின் சிமித்சோனியன் நிறுவனத்து ஆய்வாளர் அதனை நுணுக்குக்காட்டியின் கீழ் வைத்து ஆராய்ந்தபோது, விரைந்து சுழலும் வைரமுனைக் கருவிகளின் அடையாளங்களைக் கண்டனர். அது 20 ஆம் நூற்றாண்டின் கைவேலை என்பதே அவர்கள் முடிவு. கறள் பிடித்த துண்டோ, டெரெக் டி சொல்லா பிரைஸ் என்னும் அறிஞரின் 1974 ஆம் ஆண்டு ஆய்வாலும், 2005 ஆம் ஆண்டு எடுத்த நுண்கதிர்ப் படங்களாலும், ஞாயிறு திங்களின் இயக்கத்தையும் கிரகணங்களையும் கணித்துக் காட்டிய பற்சில்லுப் பொறி என்று நிறுவப்பட்டது. அது செய்யப்பட்டு 2,000 ஆண்டுகளுக்கு மேலாகின்றது. ஒளிவீசிய பொருள் பொய்யாகவும், கறள் பிடித்த பொருள் நினைத்ததினும் பெரிய மெய்யாகவும் முடிந்தன. விந்தையைக் கண்டு மயங்கும் மாணவர்க்குச் சொல்ல இதனினும் நல்ல பாடத்தை நான் அறியேன்.

வேறு சில மர்மங்களும் இவ்வாறே வகை மாறின. 1908 ஜூன் 30 ஆம் திகதி சைபீரியாவின் துங்குஸ்கா பகுதியில் 2,000 சதுர கிலோமீற்றருக்கு மேற்பட்ட காடு சாய்ந்தது. நிலத்திலே குழியொன்றும் காணப்படவில்லை. விண்ணிலிருந்து வந்த பொருளொன்று தரையைத் தொடாமல் வானத்திலேயே வெடித்தமைதான் காரணம் என்று இன்று பெரும்பாலார் கொள்கின்றனர். 2013 ஆம் ஆண்டு ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரின் மேல் அத்தகைய சிறு வெடிப்பொன்றை உலகமே படமாகக் கண்டது. ஆழ்கடலின் பேருருக் கணவாயை, அதன் இருப்பிடத்திலேயே உயிரோடு ஜப்பானிய ஆய்வாளர் 2004 ஆம் ஆண்டு படம் பிடித்தனர். வானத்திலிருந்து மீன் விழுவதைக் கேட்டுச் சிரித்தோர், 2014 மே மாதம் நம் நாட்டின் சிலாபம் பகுதியிலே சிறுமீன்கள் மழையோடு விழுந்த செய்தியைக் கேட்டுச் சிரிப்பை நிறுத்தினர். நீர்நிலையில் எழும் சுழற்காற்று மீனைத் தூக்கிச் சென்று வேறிடத்திற் சொரிகின்றது என்பதே அதற்குக் கூறப்படும் விளக்கம்.

தொடரை மட்டும் பார்த்தவனுக்கு இம்மாற்றம் தெரியாது. அவன் நெஞ்சில் 1980 ஆம் ஆண்டின் படம் அப்படியே உறைந்து நிற்கும். நூலை வைத்திருப்பவனோ, அதன் ஓரத்திற் குறிப்பெழுதுவான். “இது தீர்ந்தது”, “இது பொய்”, “இது இன்னும் தீரவில்லை” என்று. காட்சிக்கு ஓரம் கிடையாது. ஏட்டுக்கு ஓரம் உண்டு. துணைநூலின் பயனை ஒரு வாக்கியத்திற் சொல்வதானால் இதனையே சொல்வேன்.

வேறொரு பயனும் உண்டு. அதனை யாழ்ப்பாணத்தவர் அனுபவத்தால் அறிவர். 1990 ஆம் ஆண்டு தொடக்கம் பல்லாண்டுகள் எங்கள் குடாநாட்டில் மின்சாரம் இல்லாதிருந்தது. தொலைக்காட்சிப் பெட்டிகள் துணியாற் போர்த்தப்பட்டு மூலையிற் கிடந்தன. சைக்கிளின் டைனமோவைச் சுழற்றி வானொலி கேட்ட காலம் அது. அக்காலத்தில் கொக்குவிலிலே, கைமாறிக் கைமாறி மட்டை கழன்ற ஆங்கில நூல்களைச் சிமினி விளக்கின் ஒளியில் நாங்கள் சிலர் படித்தோம். பாராத தொடர்களின் துணைநூல்களும் அவற்றுள் இருந்தன. படம் எப்படியிருந்திருக்கும் என்று எண்ணி எண்ணிப் படித்தமையால், படம் பார்த்தவர்களினும் நாங்களே அதிகம் கண்டோமோ என்று பின்னர் தோன்றியதுண்டு.

காட்சி அழியும் என்பதற்கு மேலைநாட்டிலும் சான்றுண்டு. முன்னர்க் கூறிய ‘டொக்டர் ஹூ’ தொடரின் 1960 களைச் சேர்ந்த பல அங்கங்களைப் பிபிசி நிறுவனமே, நாடாக்களை மீண்டும் பயன்படுத்தும் பொருட்டும் இடமின்மையாலும் அழித்துவிட்டது. அவற்றின் கதையும் வரிசையும் பின்வந்தோர்க்குத் தெரிந்ததற்கு நூல்களும் பெருந்துணையாயின. நூல் அழியாது என்று நான் சொல்லவில்லை. 1981 ஆம் ஆண்டு மே மாத இறுதி இரவில் யாழ்ப்பாணப் பொதுநூலகத்தின் ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்ததைக் கண்ட ஊரார் அவ்வாறு சொல்லமாட்டார்கள். ஆனால் ஒரு நூல் ஆயிரம் வீடுகளில் இருக்கும். ஒரு வீட்டிலுள்ளது அழிந்தால் இன்னொரு வீட்டிலுள்ளது பேசும். ஓலைச்சுவடிக் காலந்தொட்டுத் தமிழ் பிழைத்து வந்த வழியும் அதுவே.

துணைநூல்களின் குறைகளையும் சொல்லவேண்டும். பல நூல்கள் துணைநூல் என்னும் பெயரோடு வரும் விளம்பரங்களே. நடிகரின் படங்களும் புகழுரைகளும் அன்றி அவற்றில் வேறொன்றும் இராது. வேறு சில, திரையில் ஐயமாகக் கூறப்பட்டதை ஏட்டிலே உறுதியாகக் கூறிவிடும். அச்சில் ஏறிய பொய்க்குத் திரையில் வந்த பொய்யிலும் ஆயுள் அதிகம். ஆகவே துணைநூலைத் தெரிந்தெடுக்கும்போது ஒரு சோதனை செய்யலாம். “இது தவறென்று தெரியவந்தது” என்று எங்கேனும் ஓரிடத்திலாவது அந்நூல் சொல்கின்றதா என்று பாருங்கள். எல்லாவற்றையும் விந்தை என்றே சொல்லும் நூல் துணைநூலன்று. எல்லாவற்றையும் வீண் என்று தள்ளும் நூலும் அன்று.

இனி, தமிழுக்கு வருவோம். தமிழ்த் தொலைக்காட்சியிலே மர்மத் தொடருக்குக் குறைவில்லை. கே. பாலசந்தரின் மின்பிம்பங்கள் நிறுவனம் தயாரிக்க, இந்திரா சௌந்தரராஜன் எழுத, நாகா இயக்கிய ‘மர்ம தேசம்’ 1990 களின் நடுப்பகுதியிலிருந்து தமிழ்நாட்டிலும் வெளியிலும் பெரும்புகழ் பெற்றது. அதன் முதற்பகுதியான ‘ரகசியம்’ சித்தமருத்துவத்தையும் நவபாஷாணத்தையும் கதைப்பொருளாகக் கொண்டது. அடுத்துவந்த ‘விடாது கருப்பு’ ஊர்க்காவல் தெய்வத்தின் பெயரால் நிகழும் தண்டனைகளையும், மனித மனத்துள் நிகழும் பிளவையும் ஒருசேர எடுத்துக்கொண்டது. விஞ்ஞானக் கற்பனையில், சுஜாதாவின் ‘என் இனிய இயந்திரா’ என்னும் கதை தூரதர்ஷனிலே தொடராக வந்தது. ஜீனோ என்னும் இயந்திர நாய் அதில் மனிதரோடு வாதாடும்.

இத்தொடர்களுக்கு மூலமாயமைந்த நாவல்கள் நமக்குண்டு. ‘விட்டுவிடு கருப்பா’ என்னும் நாவலே ‘விடாது கருப்பு’ ஆயிற்று. எனினும் தொடரை ஆராயும் துணைநூல் என்பது தமிழில் ஒரு மரபாக வளரவில்லை. அத்தகைய நூலொன்று ‘விடாது கருப்பு’ தொடருக்கு எழுதப்படுமாயின் அதில் என்னென்ன இருக்கவேண்டும்? கருப்பண்ணசாமி வழிபாடு எவ்வெவ்வூர்களில் எவ்வாறு நிலவுகின்றது என்பது ஓர் அதிகாரம். ஒருவரின் உள்ளத்தில் இருவேறு ஆளுமைகள் தோன்றுதல் பற்றி உளமருத்துவம் இன்று என்ன கூறுகின்றது, எதில் மருத்துவரிடையே கருத்து வேறுபாடு உண்டு என்பது ஓர் அதிகாரம். இரவுக் காட்சியும் குளம்பொலியும் எவ்வாறு ஆக்கப்பட்டன என்பது இன்னொன்று. ‘ரகசியம்’ தொடருக்கு எழுதினால், நவபாஷாணம் என வழங்குபவற்றின் நச்சுத்தன்மையைச் சித்தமருத்துவரும் இரசாயன அறிஞரும் சேர்ந்து விளக்கவேண்டும். ஜீனோவைப் பற்றி எழுதினால், கணினியொன்று உரையாடுவதற்கும் சிந்திப்பதற்கும் இடையிலுள்ள வேறுபாடு யாது என்று கேட்கவேண்டும். மனிதரோடு உரையாடும் கணினிகள் மாணவரின் கைத்தொலைபேசியிலேயே வந்துவிட்ட இன்று, அக்கேள்வி கற்பனைக் கேள்வியன்று.

இவ்வாறு நூல் எழுதுதல் பெரியோர் வேலை என்று ஒதுங்கவேண்டியதில்லை. மாணவர் தாமே துணைநூல் எழுதலாம். எங்கள் பாடசாலையில் மேல்வகுப்பு மாணவரைக் கொண்டு சிறு முயற்சியொன்று செய்தோம். தொலைக்காட்சியிலோ கைத்தொலைபேசியிலோ கண்ட மர்மம் எதுவாயினும், கொப்பியில் மூன்று நிரல்கள் வகுத்து எழுதவேண்டும். சொல்லப்படுவது யாது, தெரிந்தது யாது, இன்னும் தெரியாதது யாது என்பனவே அம்மூன்று நிரல்கள். முதன்முதலில் எடுத்துக்கொண்ட பொருள், நம் குடாநாட்டின் பழைய மர்மமாகிய நிலாவரைக் கிணறு.

புத்தூரிலே உள்ள அக்கிணற்றை நேயர்கள் அறிவீர்கள். இராமபிரான் அம்பெய்து உண்டாக்கியது என்பது ஐதிகம். அடி காணமுடியாதது என்பர். அதில் போட்ட தேசிக்காய் கீரிமலையில் மிதக்கும் என்றும் முதியோர் சொல்லக் கேட்டிருக்கின்றோம். மேலே நன்னீர், ஆழம் செல்லச் செல்ல உவர்நீர். இவையெல்லாம் முதலாவது நிரலில் ஏறின.

இரண்டாவது நிரலுக்குப் புவியியல் ஆசிரியர் துணைபுரிந்தார். குடாநாட்டின் அடித்தளம் சுண்ணாம்புக்கல். மழைநீர் பல்லாயிரம் ஆண்டுகளாக அதனைக் கரைத்துக் குகைகளையும் வழிகளையும் உண்டாக்கியிருக்கின்றது. அத்தகைய குகையின் கூரை இடிந்து விழுந்த வாயே நிலாவரை. கடல்நீரிலும் நன்னீர் பாரங்குறைந்தது. ஆகவே நிலத்துள் இறங்கிய மழைநீர், உவர்நீரின் மேல் ஒரு வில்லைபோல மிதக்கின்றது. கடல்மட்டத்துக்கு மேலே ஓரடி நன்னீர் நின்றால், கீழே ஏறத்தாழ 40 அடி நன்னீர் இருக்கும் என்பது நூறு ஆண்டுகளுக்கு மேலாக விஞ்ஞானிகள் அறிந்த கணக்கு. தேசிக்காய்க் கதையை மாணவர் மூன்றாவது நிரலிலேயே விட்டுவைத்தனர். நிலத்தடி வழிகள் எங்கெங்கே தொடர்கின்றன என்பதைத் தாமே சோதித்தறிய முடியாதவற்றை அவ்வாறு விடுவதே நேர்மை.

அப்பொழுது மாணவி ஒருத்தி கேட்ட கேள்வி என்னைச் சிந்திக்க வைத்தது. “மேலே உள்ள ஓரடி குறைந்தால், கீழே 40 அடி குறையுமோ, சேர்?” என்பதே அவள் கேள்வி. ஆம், பெரும்பாலும் அப்படித்தான். அளவுக்கு மிஞ்சி இறைத்தால் உவர் மேலே ஏறும். வற்றாத கிணறு என்று நம்பியவன் இயந்திரம் பூட்டி இரவு பகலாக இறைப்பான்; வில்லையின் கணக்கை அறிந்தவன் அளவறிந்து இறைப்பான். ஆறில்லாத நாட்டிலே நிலத்தடி நீரையன்றி நமக்கு வேறென்ன உண்டு? மர்மத்தை ஆராய்வது பொழுதுபோக்கன்று, குடிநீரைக் காக்கும் வேலையுமாகும் என்று அன்று அவ்வகுப்பு கண்டது.

மர்மத்தை விளக்கிவிட்டால் அதன் அழகு போய்விடும் என்று சிலர் அஞ்சுவர். நிலாவரையின் கரையிலே நின்று பார்ப்பவர்க்கு அவ்வச்சம் இராது. கண்ணுக்குத் தெரியாத உவர்க்கடல் ஒன்றின் மேல், மெல்லிய நன்னீர்த் தட்டொன்று மிதக்க, அதன்மேல் நம் தோட்டங்களும் பனைகளும் வீடுகளும் நிற்கின்றன என்று அறிவது, ஐதிகத்தினும் குறைந்த வியப்பாகுமா? ஐதிகமும் அழியவில்லை; அதற்குரிய இடத்தில் அது இருக்கின்றது. விளக்கம் அதனருகே வந்து அமர்ந்திருக்கின்றது. நல்ல துணைநூல் செய்யும் வேலை இதுவே.

தொலைக்காட்சியோடு அமையாது, கைத்தொலைபேசியின் சிறுதிரையிலும் மர்மங்கள் நாள்தோறும் வந்து குவிகின்றன. முன்னைய தொடர்களுக்கு எழுதியவர் இன்னாரென்று பெயராவது இருந்தது. இன்று வரும் துண்டுகளுக்குப் பெயருமில்லை, ஊருமில்லை. சொன்னதற்குப் பொறுப்பேற்பாரும் இல்லை. ஆதலால் துணைநூலின் தேவை முன்னிலும் இன்று மிகுதி.

ஆசிரியப் பெருமக்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றுண்டு. மாணவர் விரும்பிப் பார்க்கும் தொடரை இகழவேண்டாம். அதன் பெயரைக் கேட்டறியுங்கள். மூன்று நிரல்கள் வகுத்து எழுதச் சொல்லுங்கள். எழுதியவற்றைத் தொகுத்துப் பாடசாலை நூலகத்தில் வையுங்கள். சில ஆண்டுகளில் ஒவ்வொரு பாடசாலையிலும் ஒரு துணைநூல் உருவாகிவிடும். பெற்றோருக்கும் ஒன்று சொல்வேன். பிள்ளைகளின் கேள்விக்கு விடை தெரியாவிட்டால், “எனக்குத் தெரியாது, நாளை இருவரும் நூலகத்திற் பார்ப்போம்” என்று சொல்லுங்கள். அதைச் செய்வதற்குப் பொருட்செலவில்லை. சிறிது நேரமும், ஓர் ஒற்றைறூல் கொப்பியும் போதும்.